கெடு நீட்டிக் கேட்டால்...

(தொடர்கல்வி மையத்தில் நடந்த நுகர்வோர் விழிப்புணர்வுக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



“பொறுத்தார் பூமி ஆள்வார்” என்று ஒரு பழமொழி உண்டு. “ஆறின கஞ்சி பழங்கஞ்சி” என்று இன்னொரு பழமொழியும் உண்டு. ஒன்று பொறுத்திரு என்கிறது. மற்றொன்று தாமதிக்காதே என்கிறது. இரண்டும் பெரியவர்கள் சொன்னவைதான். எங்கே பொறுப்பது, எங்கே பொறுக்கக் கூடாது? இன்றைய பேச்சு அதைப் பற்றியதுதான்.

பொருள் வாங்கி ஏமாந்த ஒருவர் நுகர்வோர் ஆணையத்துக்குப் போகிறார். அங்கே சமரசம் ஆகிறது. “இன்ன தேதிக்குள் பணம் தருகிறேன்” என்று கடைக்காரர் கையெழுத்துப் போடுகிறார். தேதி வருகிறது. பணம் வரவில்லை. “இன்னும் கொஞ்சம் கெடு வேண்டும்” என்று கடைக்காரர் மனுப் போடுகிறார். அப்போது என்ன நடக்கும்? பணம் வர வேண்டியவர் என்ன செய்யலாம்?

முதலில் ஒரு கதையைப் பார்ப்போம். கதையில் வரும் சட்டம் எல்லாம் உண்மையான சட்டம்.

தையல் இயந்திரம்

ஒரு சிறு நகரில் ஓர் அம்மாள் இருந்தார். தையல்தான் அவருக்குச் சோறு போட்டது. இரண்டு பிள்ளைகள் பள்ளிக்குப் போனார்கள். கணவர் இறந்துவிட்டார். காலால் மிதிக்கும் பழைய இயந்திரத்தில் தைத்துத் தைத்து முழங்கால் வலி வந்துவிட்டது. பழைய இயந்திரத்தை விற்றார். மகளிர் குழுவில் கடன் வாங்கினார். 18,000 ரூபாய் கொடுத்து மோட்டார் வைத்த புது இயந்திரம் வாங்கினார்.

இருபது நாள் ஓடியது. பிறகு மோட்டார் சூடேறி நின்றுவிட்டது. கடைக்காரர் இரண்டு முறை பழுது பார்த்துக் கொடுத்தார். இரண்டு முறையும் ஒரே வாரத்தில் நின்றது. மூன்றாம் முறை, “கம்பெனியைக் கேளுங்கம்மா” என்று கையை விரித்துவிட்டார்.

அம்மாள் பக்கத்துத் தெருவில் ஒரு பழைய இயந்திரத்தை வாடகைக்கு எடுத்தார். நாளுக்கு 40 ரூபாய் வாடகை. இந்த 40 ரூபாயை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் வரும்.

மனுப் போட்டார்

அம்மாள் கடை ரசீதைப் பத்திரமாக வைத்திருந்தார். பழுது பார்த்த சீட்டுகளும் இருந்தன. அவற்றின் நகல்களோடு மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையத்தில் புகார் மனுக் கொடுத்தார்.

இந்த ஆணையத்தை மக்கள் நுகர்வோர் நீதிமன்றம் என்றும் சொல்வார்கள். 1986-இல் வந்த நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம்தான் இதற்கு வழி செய்தது. அப்போது இதற்கு மன்றம் என்று பெயர். 2019-இல் புதுச் சட்டம் இயற்றப்பட்டது. அது 2020 ஜூலை 20 முதல் நடைமுறைக்கு வந்தது. இப்போது ஆணையம் என்று பெயர்.

50 லட்சம் ரூபாய் வரை விலை கொடுத்து வாங்கிய பொருள் பற்றிய புகாரை மாவட்ட ஆணையத்திலேயே கொடுக்கலாம். விலை 5 லட்சம் ரூபாய் வரை இருந்தால் மனுவுக்குக் கட்டணம் கிடையாது. குடியிருக்கும் மாவட்டத்திலேயே மனுப் போடலாம். வழக்கறிஞர் வைத்துத்தான் ஆக வேண்டும் என்பதில்லை. தாமே நேரில் போய்ப் பேசலாம். குறை ஏற்பட்டு இரண்டு ஆண்டுக்குள் மனுப் போட வேண்டும்.

கடைக்காரர் ஒரு வாதம் வைத்தார். “இந்த அம்மா தொழில் செய்ய இயந்திரம் வாங்கினார். அதனால் இவர் நுகர்வோர் அல்ல” என்றார். அது செல்லவில்லை. தன் கையால் உழைத்துப் பிழைப்பதற்காக வாங்கும் பொருளுக்கு, வாங்கியவர் நுகர்வோர்தான் என்று சட்டமே சொல்கிறது.

நம்பிக்கையும் இருக்கட்டும், தேதியும் இருக்கட்டும்

“இருவரும் பேசித் தீர்த்துக்கொள்கிறீர்களா?” என்று ஆணையம் கேட்டது. இருவரும் சம்மதித்தார்கள். ஆணையத்தோடு இணைந்த சமரசப் பிரிவுக்கு வழக்குப் போனது. அங்கே சமரசர் ஒருவர் இரு தரப்பையும் உட்கார வைத்துப் பேசினார்.

முடிவு ஏற்பட்டது. இயந்திரத்தின் விலை 18,000 ரூபாய். அலைச்சலுக்கும் நட்டத்துக்கும் 4,000 ரூபாய். மொத்தம் 22,000 ரூபாயைக் கடைக்காரர் தர வேண்டும். கெட்டுப்போன இயந்திரத்தை அவர் திரும்ப எடுத்துக்கொள்ளலாம்.

தாள் எழுதப்பட்டது. அம்மாள் முன்பெல்லாம் கைநாட்டு வைத்தவர். மாலை வகுப்புக்குப் போய் எழுத்துக் கற்றவர். அவர் தாளை வாங்கி, விரலால் ஒவ்வொரு வரியாகத் தொட்டுப் படித்தார். “உரிய காலத்தில் 22,000 ரூபாய் தரப்படும்” என்று இருந்தது. விரல் அங்கே நின்றது.

“ஐயா, உரிய காலம் என்றால் எந்தத் தேதி?” என்று கேட்டார்.

கடைக்காரர் சிரித்தார். “சீக்கிரம் தந்துடுவேம்மா. நம்பிக்கை இல்லையா?”

“நம்பிக்கை இருக்குதுங்க. தேதியும் இருக்கட்டும்” என்றார் அம்மாள்.

சமரசர் தலையசைத்தார். “ஜூன் 30-ஆம் தேதிக்குள்” என்று எழுதச் சொன்னார். இருவரும் கையெழுத்துப் போட்டார்கள். சமரசர் அறிக்கை அனுப்பினார். அறிக்கை வந்து ஏழு நாளுக்குள் ஆணையம் அதை ஏற்று உத்தரவு போட வேண்டும் என்பது சட்டம். அப்படியே உத்தரவும் வந்தது.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். சமரசத்தின் பேரில் மாவட்ட ஆணையம் போட்ட உத்தரவின் மேல் மேல்முறையீடு கிடையாது. கையெழுத்துப் போட்ட பிறகு, “எனக்குப் புரியவில்லை, படித்துப் பார்க்கவில்லை” என்று சொல்லிப் பயன் இல்லை. கடைக்காரருக்கும் அப்படித்தான். அம்மாளுக்கும் அப்படித்தான். அதனால்தான் படித்துப் பார்த்துக் கையெழுத்துப் போட வேண்டும்.

கெடு கேட்டு மனு

ஜூன் 29. கடைக்காரர் ஆணையத்தில் ஒரு மனுக் கொடுத்தார். மழை வெள்ளம் கடையின் கிடங்கில் புகுந்துவிட்டது, சரக்கு நனைந்துவிட்டது, செப்டம்பர் 30 வரை கெடு வேண்டும் என்று அதில் இருந்தது.

மனுவின் நகல் அம்மாளுக்கு வந்தது. விசாரணை நாளில் ஆணையத்தின் தலைவர் அம்மாளைப் பார்த்தார். “நீங்கள் என்ன சொல்கிறீர்கள் அம்மா?”

“வெள்ளம் வந்தது உண்மைதான் ஐயா. நானும் பார்த்தேன். ஆனால் என் வீட்டு வாடகைக்கு யாரும் கெடு தர மாட்டார்கள். குழுக் கடனுக்கும் கெடு இல்லை. மூன்று மாதம் பொறுக்க முடியாது. பாதிப் பணத்தை இப்போது தரட்டும். மீதிக்கு ஒரு மாதம் பொறுக்கிறேன்.”

ஆணையம் அவ்வாறே உத்தரவு போட்டது. ஜூலை 7-க்குள் 11,000 ரூபாய். ஜூலை 31-க்குள் மீதி 11,000 ரூபாய். அந்த நாளும் தவறினால், மீதித் தொகைக்கு ஜூலை 1 முதல் ஆண்டுக்கு 9 விழுக்காடு வட்டி.

மூன்று வகைக் கெடு

கதையை இங்கே சற்று நிறுத்துவோம். கெடு நீட்டுவதற்கு ஆணையத்துக்கு அதிகாரம் உண்டா? யார் வைத்த கெடு என்று முதலில் பார்க்க வேண்டும். கெடு மூன்று வகை.

ஒன்று, சட்டமே வைத்த கெடு. புகாருக்குக் கடைக்காரர் 30 நாளுக்குள் பதில் தர வேண்டும். ஆணையம் விரும்பினால் இன்னும் 15 நாள் கொடுக்கலாம். மொத்தம் 45 நாள். அதற்கு மேல் ஒரு நாள்கூட நீட்ட முடியாது என்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் 2020 மார்ச் 4-ஆம் தேதி தீர்ப்புச் சொன்னார்கள். சட்டம் கட்டிய வேலியை ஆணையம் தாண்ட முடியாது.

இரண்டு, ஆணையம் வைத்த கெடு. விசாரணைக்கு வாய்தா கொடுப்பது இந்த வகை. காரணம் இல்லாமல் வாய்தா கொடுக்கக் கூடாது. கொடுத்தால் காரணத்தை எழுதி வைக்க வேண்டும். வாய்தா கேட்டவர் மற்றவருக்குச் செலவுத்தொகை தர வேண்டும் என்றும் உத்தரவு போடலாம்.

மூன்று, இரு தரப்பும் ஒப்புக்கொண்டு வைத்த கெடு. அம்மாளின் கெடு இந்த வகை. இதை நீட்டுவது எளிதல்ல. இருவர் பேசி எழுதியதை மூன்றாம் மனிதர் மாற்றி எழுதக் கூடாது அல்லவா? ஆனால் அந்த உடன்பாடு நீதிமன்ற உத்தரவோடு கலந்துவிட்டால், நீதிமன்றத்துக்கும் அதில் ஒரு பொறுப்பு வந்துவிடுகிறது. 1983-இல் ஒரு சொத்து வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை விளக்கியது. அரிதான வேளையில், கண்ணெதிரே அநீதி நடந்துவிடாமல் தடுக்க, நீதிமன்றம் கெடுவை நீட்டலாம். ஆனால் கேட்டவுடன் கொடுத்துவிடக் கூடாது. அதுதான் அந்தத் தீர்ப்பின் கருத்து.

அந்த அம்மாளும் ஒரு மாதம் பொறுக்கச் சம்மதித்தார். அதனால் ஆணையத்தின் வேலை எளிதாயிற்று.

நாடு முழுவதற்கும் கெடு நீண்ட காலமும் உண்டு. கொரோனா நோய் பரவியபோது, 2020 மார்ச் 15 முதல் 2022 பிப்ரவரி 28 வரையுள்ள நாட்களைக் கெடுவில் சேர்க்க வேண்டாம் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. யாரும் வெளியே போக முடியாத காலம் அது. வழக்குப் போடவும், மனுப் போடவும், மேல்முறையீடு செய்யவும் உள்ள கெடுவுக்காக அந்தச் சலுகை தரப்பட்டது. “தருகிறேன் என்ற பணத்தைத் தர வேண்டாம்” என்று அது சொல்லவில்லை.

கெடுவை நீட்டினால் கடன் தீர்ந்துவிடாது. தொகை அப்படியே இருக்கும். தேதி மட்டும்தான் தள்ளிப் போகும்.

ஜூலை 31-க்குப் பிறகு

இனிக் கதைக்கு வருவோம். ஜூலை 7-க்குள் 11,000 ரூபாய் வந்தது. ஜூலை 31 வந்தது. மீதி வரவில்லை. அம்மாள் கடைக்குப் போனார். “அடுத்த வாரம் வாங்கம்மா” என்றார் கடைக்காரர்.

அம்மாள் அடுத்த வாரம் கடைக்குப் போகவில்லை. ஆணையத்துக்குப் போனார். அங்கே இரண்டு வழி இருக்கிறது.

முதல் வழி, நிறைவேற்று மனு. ஆணையத்தின் உத்தரவு, உரிமையியல் நீதிமன்றத்தின் தீர்ப்பைப் போன்றது. பணம் தராதவரின் சொத்தை ஜப்தி செய்து பணத்தை வசூலிக்கலாம். 2019-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 71-ஆம் பிரிவு இதைச் சொல்கிறது.

இரண்டாம் வழி, தண்டனை. உத்தரவை மதிக்காதவருக்கு ஒரு மாதத்துக்குக் குறையாமல் மூன்று ஆண்டு வரை சிறை கிடைக்கலாம். அல்லது 25,000 ரூபாய்க்குக் குறையாமல் ஒரு லட்சம் ரூபாய் வரை அபராதம் விதிக்கலாம். இரண்டும் சேர்ந்தும் கிடைக்கலாம். இது 72-ஆம் பிரிவு. பழைய சட்டத்தில் அபராதம் 2,000 முதல் 10,000 ரூபாய் வரைதான் இருந்தது.

அம்மாள் நிறைவேற்று மனுப் போட்டார். கடைக்காரருக்கு நோட்டீஸ் போனது. ஆகஸ்ட் 29-ஆம் தேதி அவர் பணத்தைக் கட்டினார். 11,000 ரூபாயும், 60 நாள் வட்டியும்.

வட்டி எவ்வளவு தெரியுமா? ஏறக்குறைய 163 ரூபாய்.

அந்த 60 நாளும் அம்மாள் வாடகை இயந்திரத்தில்தான் தைத்தார். நாளுக்கு 40 ரூபாய். அறுபது நாளுக்கு 2,400 ரூபாய். வட்டியாக வந்தது 163 ரூபாய். வாடகையாகப் போனது 2,400 ரூபாய்.

கணக்கைப் போட்டுப் பாருங்கள். கடைக்காரருக்குக் கிடைத்த கெடுவுக்கு விலை கொடுத்தது யார்? அந்த அம்மாள்தான். கெடு கேட்கும் மனுவில் இந்தக் கணக்கு இருக்காது. வெள்ளம் இருக்கும், சரக்கு இருக்கும், நட்டம் இருக்கும். பணம் வர வேண்டியவரின் நட்டத்தை அவரேதான் எடுத்துச் சொல்ல வேண்டும். “எனக்கு நாளுக்கு 40 ரூபாய் வாடகை போகிறது. கெடு கொடுத்தால் அதையும் சேர்த்துத் தரட்டும்” என்று அம்மாள் அன்று கேட்டிருக்கலாம். வாடகைச் சீட்டையும் காட்டியிருக்கலாம். அவருக்கு அது தோன்றவில்லை. அடுத்தவருக்காவது தோன்றட்டும் என்றுதான் இந்தக் கதை.

கடைக்காரர் மேல்முறையீடு செய்தால்?

சமரசம் ஆகாமல், விசாரணை நடத்தி ஆணையம் தீர்ப்புச் சொல்லும் வழக்குகளும் உண்டு. அதில் தோற்றவர் 45 நாளுக்குள் மாநில ஆணையத்தில் மேல்முறையீடு செய்யலாம். ஆனால் சும்மா செய்ய முடியாது. கொடுக்கச் சொன்ன தொகையில் பாதியை முதலில் கட்ட வேண்டும். 2021 டிசம்பரில், தேசிய ஆணையத்துக்கு வந்த மேல்முறையீடுகள் பற்றிய வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை உறுதியாகச் சொன்னது. பாதியைக் கட்டினால்தான் மேல்முறையீட்டையே விசாரணைக்கு எடுக்கலாம். தீர்ப்பை நிறுத்தி வைக்க வேண்டும் என்றால், காரணத்தை எழுதி, அதற்கு மேலும் கட்டச் சொல்லலாம்.

நாளைக் கடத்துவதற்காகவே மேல்முறையீடு செய்பவர்களும் இருக்கிறார்கள். அவர்களுக்காகத்தான் இந்த விதி.

கையெழுத்துப் போடும் முன்

சமரசத் தாளில் கையெழுத்துப் போடும் முன் ஐந்து விஷயங்களைப் பாருங்கள்.

1. தொகை எண்ணாலும் எழுத்தாலும் எழுதப்பட்டிருக்கிறதா?

2. தேதி இருக்கிறதா? “விரைவில்”, “உரிய காலத்தில்”, “முடிந்தபோது” என்பவை தேதி அல்ல.

3. பணம் எப்படி வரும்? வங்கிக் கணக்கிலா, ஆணையத்தில் கட்டுவதா?

4. தேதி தவறினால் என்ன? வட்டி எவ்வளவு? நாள்தோறும் உண்டாகும் நட்டத்துக்கு என்ன? தவணையாகத் தருவதாக இருந்தால், ஒரு தவணை தவறினாலும் மீதி முழுவதையும் உடனே தர வேண்டும் என்று எழுதியிருக்கிறதா?

5. உத்தரவின் நகல் கிடைத்ததா? வழக்கில் உள்ளவர்களுக்கு ஒரு நகல் கட்டணம் இல்லாமல் கிடைக்கும்.

கெடு நீட்டிக் கேட்டு மனு வந்தால்

மனுவின் நகலை வாங்கிப் படியுங்கள். காரணம் உண்மைதானா என்று பாருங்கள். விசாரணை நாளில் தவறாமல் போங்கள். போகாவிட்டால், உங்களுக்கு மறுப்பு இல்லை என்று ஆகிவிடலாம்.

காரணம் பொய் என்றால் எதிர்த்துச் சொல்லுங்கள். உண்மை என்றால் இரக்கம் காட்டுங்கள். கடைக்காரருக்கும் வெள்ளம் வரும், நோய் வரும். ஆனால் நிபந்தனை கேளுங்கள். ஒரு பகுதியை உடனே தரட்டும். புதுத் தேதி எழுதப்படட்டும். தாமதத்தால் உங்களுக்கு ஆகும் செலவையும் சேர்க்கட்டும். இதுவே கடைசிக் கெடு என்று உத்தரவில் இருக்கட்டும்.

வாய்ச்சொல்லாக மட்டும் கெடு கொடுக்காதீர்கள். கடை வாசலில் நின்று “சரி, அடுத்த மாதம் தாருங்கள்” என்று சொன்னால், அது காற்றோடு போகும்.

உதவி வேண்டுமென்றால் 1915 என்ற எண்ணுக்குத் தொலைபேசியில் பேசலாம். அது தேசிய நுகர்வோர் உதவி மையம். வழக்கறிஞர் உதவி வேண்டுமென்றால் 15100 என்ற எண்ணுக்குப் பேசலாம். அது சட்டப் பணிகள் ஆணைக்குழுவின் எண். வருமானம் எவ்வளவு இருந்தாலும் பெண்களுக்கு அங்கே இலவச சட்ட உதவி உண்டு. தாழ்த்தப்பட்டவர்களுக்கும் பழங்குடியினருக்கும் உண்டு.

நண்பர்களே, அந்த அம்மாள் பொறுத்தார். ஒரு மாதம் பொறுத்தார். தேதி போட்டுப் பொறுத்தார். அந்தத் தேதி தாண்டியதும் பொறுக்கவில்லை. இரண்டு பழமொழிக்கும் அவரிடம் இடம் இருந்தது.

இப்போது அவர் வேறு கடையில் புது இயந்திரம் வாங்கிவிட்டார். ரசீதை வாங்கியதும் முதலில் என்ன செய்தார் தெரியுமா? விரலை வைத்து, உத்தரவாதக் காலம் எந்தத் தேதியில் முடிகிறது என்று படித்துப் பார்த்தார்.